காலக் குத்துவாள் அடம்பிடிக்கும்போது: அறிகுறி வாரியாகப் பிழை நீக்கும் வழிமுறை

கேம் உருவாக்கும் மென்பொருளான யூனிட்டியில் காலத்தை ஆட்டிப்படைக்கும் ஆயுதம் ஒன்றைச் செய்ய உட்காரும் பலருக்கும் மனதில் இருக்கும் முன்மாதிரி ஒன்றுதான். 2003-இல் யூபிசாஃப்ட் மான்ட்ரியல் உருவாக்கிய ‘பிரின்ஸ் ஆஃப் பெர்சியா: தி சேண்ட்ஸ் ஆஃப் டைம்’ கேமில் இளவரசன் இடுப்பில் இருக்கும் அந்தக் குத்துவாள். உள்ளே மணல். பொத்தானை அழுத்திப் பிடித்தால் காலம் பின்னால் ஓடும். பள்ளத்தில் விழுந்தவன் மேலேறி வந்து விளிம்பில் நிற்பான். மணல் தீர்ந்தால் வாள் வெறும் இரும்பு. வீழ்ந்த எதிரியிடமிருந்து மணலை உறிஞ்சி மறுபடி நிரப்பிக்கொள்ளலாம்.

நானும் என் சின்ன கேமுக்காக அப்படியொரு வாளைத்தான் செய்துகொண்டிருக்கிறேன். அதற்கு மூன்று வேலை: 10 விநாடி வரை பின்னோட்டம், உலகத்தை மெதுவாக்குவது, ஓர் எதிரியை மட்டும் உறையவைப்பது. முதல் வடிவம் ஒரே இரவில் ஓடிவிட்டது. அதில் இருந்த பிழைகளைக் களைய மாதக்கணக்கில் ஆனது. அந்தப் பிழைகளைக் கண்ணுக்குத் தெரிகிற அறிகுறியை வைத்து இங்கே எழுதுகிறேன். உங்கள் வாள் என்ன செய்கிறதோ, அந்தத் தலைப்புக்கு நேராகப் போய்விடலாம்.

அதற்கு முன் ஒரு வேலை மட்டும் செய்துவிடுங்கள். ஒரு தாளை எடுத்து, அட்டவணைபோல மேலிருந்து கீழாக மூன்று பத்திகளாகப் பிரித்துக்கொள்ளுங்கள். முதல் பத்தி உலகத்தின் காலம்: வாள் பின்னால் இழுத்தால் கூடவே போக வேண்டியவை. இரண்டாவது வாள் ஏந்தியவனின் காலம்: உலகம் பின்னால் போனாலும் போகக் கூடாதவை. மூன்றாவது ஆட்டக்காரரின் கைக்கடிகாரம்: மெனு, பொத்தான், திரை மங்கல் போல உலகம் நின்றாலும் ஓட வேண்டியவை. உங்கள் கேமில் உள்ள ஒவ்வொரு பொருளையும் ஒவ்வொரு எண்ணையும் இதில் ஏதாவது ஒரு பத்தியில் எழுதிவிடுங்கள். கீழே வருகிற பிழைகளில் பெரும்பாலானவை, ஏதோ ஒன்று தப்பான பத்தியில் இருப்பதால் வருபவை. எந்தப் பத்தியிலும் எழுதாமல் விட்டது இன்னும் மோசம்.

அப்புறம், சோதனைக்கென்று ஒரு வெற்று அறை வேண்டும். அதில் ஒரு மண்பானை, சுவரிலிருந்து பறந்து வரும் ஓர் அம்பு, ஓர் எதிரி, தரையிலிருந்து எழும் ஒரு முள்பொறி, இவ்வளவு போதும். திரை மூலையில் ஃபிரேம் எண்ணும் (எத்தனையாவது படம் என்பது) அப்போதைய டைம்ஸ்கேல் மதிப்பும் (கேமின் காலம் ஓடும் விகிதம்; 1 என்றால் இயல்பு வேகம்) எப்போதும் தெரியட்டும். முழு கோட்டைக்குள் போய்ப் பிழை தேடினால் கண்டுபிடிக்கவே முடியாது.

என் கணினியில் 10 விநாடி, நண்பர் கணினியில் 4 விநாடி

பின்னோட்டம் ஓடுகிறது, ஆனால் எவ்வளவு தூரம் என்பது கணினிக்குக் கணினி மாறுகிறது. பின்னோட்டம் என்பது ஒவ்வொரு பொருளின் நிலையையும் பதிந்துகொண்டே வந்து, அதைப் பின்னோக்கி ஓட்டுவதுதான். இது அந்தப் பதிவு செய்யும் இடத்தில் உள்ள தவறு. நிலையை ‘அப்டேட்’ செயல்பாட்டுக்குள் பதிந்தால் ஒரு ஃபிரேமுக்கு ஒரு பதிவு விழும். 60 ஹெர்ட்ஸ் திரையில் 10 விநாடிக்கு 600 பதிவு போதும் என்று கணக்குப் போட்டு 600 இடம் ஒதுக்கியிருப்பீர்கள். அதே கேம் 144 ஹெர்ட்ஸ் திரையில் ஓடும்போது அந்த 600 இடமும் நாலே விநாடியில் நிரம்பிவிடும். நண்பர் பள்ளத்தில் விழுந்து, பொத்தானை அழுத்தி, பாதி உயரம் ஏறி, மறுபடி விழுந்தார். பக்கத்தில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தேன். வாள் அவரைக் கைவிட்டது போலத்தான் இருந்தது.

பதிவை ‘ஃபிக்ஸ்ட் அப்டேட்’டுக்கு மாற்றுங்கள். அது யூனிட்டியில் இயல்பாக 0.02 விநாடிக்கு ஒரு முறை, அதாவது விநாடிக்கு 50 முறை ஓடும். 10 விநாடிக்கு 500 பதிவு. ஆனால் மெதுவாக்கத்தையும் சேர்க்கும்போது இதே பிழை வேறு வேடத்தில் திரும்பி வரும். கீழே அந்த இடத்தில் சொல்கிறேன்.

பின்னோட்டம் முடிந்ததும் பறந்துகொண்டிருந்த பானை நேர்க்கீழே விழுகிறது

எறிந்த பானை வளைந்து பறந்துகொண்டிருக்கிறது. பின்னால் இழுத்து நடுவானில் பொத்தானை விடுகிறீர்கள். அது தன் வளைவைத் தொடராமல் கல் மாதிரி கீழே இறங்குகிறது. இடத்தை மட்டும் பதிந்து வேகத்தைப் பதியாமல் விட்டிருக்கிறீர்கள். ஒவ்வொரு பதிவிலும் இடம், திசை, நேர்வேகம், சுழல்வேகம் நான்கும் இருக்க வேண்டும்.

நான்கும் பதிந்தும் விழுகிறது என்றால், திருப்பிக் கொடுக்கும் வரிசையைப் பாருங்கள். பின்னோட்டத்தின்போது இயற்பியல் குறுக்கே வராமலிருக்க ரிஜிட்பாடியை (பொருளை இயற்பியலுக்கு உட்படுத்தும் பாகம்) ‘கைனமேட்டிக்’ ஆக்கி வைத்திருப்போம். அந்த நிலையில் இருக்கும்போது வேகத்தைக் கொடுத்தால் யூனிட்டி அதை ஏற்காது. முதலில் கைனமேட்டிக்கை அணைக்க வேண்டும், அதன்பிறகு வேகத்தைக் கொடுக்க வேண்டும். இரண்டு வரி இடம் மாறியிருந்ததைக் கண்டுபிடிக்க எனக்கு ஒரு வாரம் போனது. ஏனென்றால் வேகத்தின் மதிப்பை அச்சிட்டுப் பார்த்தால் பதிவில் அது சரியாகவே இருக்கும். பானையிடம் போய்ச் சேர்ந்ததா என்பதைத்தான் யாரும் பார்ப்பதில்லை. யூனிட்டி 6-இல் இந்த வேகத்தின் பெயர் ‘லீனியர் வெலாசிட்டி’ என்று மாறியிருக்கிறது. பழைய பயிற்சிக் கட்டுரையைப் பார்த்து எழுதுகிறவர்கள் கவனிக்கவும்.

பின்னால் ஓடும்போதும், ஓடாதபோதும் கேம் விக்குகிறது

ஒரு பானை இருக்கும்வரை தெரியாது. நூறு சில்லுகள் சிதறும் அறைக்குள் போனதும் கேம் அடிக்கடி ஒரு கணம் நின்று ஓடும். பெரும்பாலான பயிற்சிகள் ஒரு லிஸ்ட் வைத்து, புதிய பதிவை அதன் தலையில் செருகி, பழையதை வாலில் நீக்கச் சொல்லும். தலையில் ஒன்றைச் செருகினால் மீதி 499-ம் ஓர் இடம் நகர வேண்டும். விநாடிக்கு 50 முறை, ஒவ்வொரு சில்லுக்கும். போதாததற்குப் பதிவை ‘கிளாஸ்’ ஆக எழுதியிருந்தால் ஒவ்வொரு முறையும் புது நினைவகம் ஒதுக்கப்படும். அந்தக் குப்பையை யூனிட்டி கூட்டித் தள்ளுகிற நேரத்தில்தான் கேம் விக்குகிறது.

‘ஸ்ட்ரக்ட்’டாக எழுதுங்கள். லிஸ்டை விட்டுவிட்டு, தொடக்கத்திலேயே 500 இடம் ஒதுக்கிய ஒரு வரிசையை வட்டமாகப் பயன்படுத்துங்கள்: கடைசி இடம் நிரம்பியதும் முதல் இடத்தின் மேலேயே எழுதிக்கொண்டு போக வேண்டியதுதான். ரிங் பஃபர் என்பது இதுதான். நினைவகம் பற்றிப் பயப்பட வேண்டாம். இடத்துக்கு 12 பைட், திசைக்கு 16, இரண்டு வேகங்களுக்கும் 24, ஆக 52 பைட். 500 பதிவுக்கு 26,000 பைட். 200 பொருள் இருந்தாலும் சுமார் 5 எம்பிதான். நடுத்தரமான கைபேசிக்குக்கூட இது ஒரு சுமையே இல்லை.

சுழலும் பானை திடீரென்று எதிர்ப்பக்கமாக ஒரு முழுச் சுற்று சுற்றுகிறது

இரண்டு பதிவுகளுக்கு நடுவே கோணங்களைச் சராசரி எடுக்கிறீர்கள். 350 டிகிரிக்கும் 10 டிகிரிக்கும் நடுவில் இருப்பது 0 டிகிரி. எண்களாக வைத்துச் சராசரி எடுத்தால் 180 வரும், பானை முதுகைக் காட்டும். ஆய்லர் கோணங்களாக, அதாவது மூன்று டிகிரி எண்களாகப் பதியாமல், திசையை நான்கு எண்களில் சொல்லும் குவாட்டர்னியனாகவே பதிந்து, இரண்டு திசைகளுக்கு நடுவே சரியாகத் திருப்பும் ‘ஸ்லெர்ப்’ பயன்படுத்தினால் தீர்ந்தது.

உடைந்த பானை உடைந்தபடியே இருக்கிறது, செத்த எதிரி எழுந்து வருவதில்லை

இதுதான் கால வாளின் நடுமையம். ஆட்டக்காரர் இந்த ஆயுதத்தைக் கையில் எடுப்பதே, போனது திரும்பி வரும் என்கிற அந்த ஒரு வாக்குறுதிக்காகத்தான். சில்லுகள் தரையிலிருந்து எழுந்து, ஒன்றோடொன்று ஒட்டி, பானை மேடைமேல் போய் உட்காருகிற அந்த ஒரு விநாடிக்காக எவ்வளவு நேரம் செலவிட்டாலும் தகும்.

பானை உடைந்ததும் ‘டெஸ்ட்ராய்’ என்று எழுதியிருந்தால் அது உலகத்திலிருந்தே போய்விட்டது. வாளால் அதைத் தேட முடியாது. அழிக்காதீர்கள், மறையுங்கள். ‘செட்ஆக்டிவ்’ செயல்பாட்டுக்கு ‘ஃபால்ஸ்’ என்று கொடுத்து, எந்த ஃபிரேமில் மறைந்தது என்று குறித்துக்கொள்ளுங்கள். பின்னோட்டம் அந்த ஃபிரேமைத் தாண்டும்போது மறுபடி காட்டுங்கள். அந்த ஃபிரேம் 10 விநாடி எல்லைக்கு வெளியே போய்விட்டால், இனி எந்த மணலும் அதை மீட்க முடியாது. அப்போது மட்டும் உண்மையாக அழித்துவிடலாம்.

சரி, மறைத்தும் திரும்பி வரவில்லையா? பதிவு செய்யும் ஸ்கிரிப்டை அந்தப் பானையிலேயே மாட்டியிருக்கிறீர்களா என்று பாருங்கள். பானையை அணைத்ததும் அதில் உள்ள ஸ்கிரிப்டும் தூங்கிவிடும், அதில் ஓடிய கோருட்டீனும் (பல ஃபிரேம்களில் விட்டு விட்டு ஓடும் செயல்பாடு) நின்றுவிடும். மறைந்திருக்கும் நேரத்தில் பதிவே விழாது. மற்ற பொருள்கள் 200 ஃபிரேம் முன்னே போயிருக்க, பானையின் பதிவு மட்டும் உடைந்த கணத்திலேயே நிற்கும். பின்னால் இழுத்தால் எல்லாம் தன் தன் வேகத்தில் வெவ்வேறு கணத்துக்குப் போகும். எதிரியின் வாள் வருவதற்கு முன்பே பானை ஒட்டிக்கொள்கிற வினோதம் இதனால்தான்.

அதனால் பதிவு ஒரே இடத்தில் நடக்க வேண்டும். காட்சியில் எப்போதும் விழித்திருக்கும் ஒரு மேலாளர் பொருள். அதில் உலகத்துக்கெல்லாம் பொதுவான ஒரு ஃபிரேம் எண். ஒவ்வொரு பொருளும் தன் பதிவை அந்தப் பொது எண்ணோடு சேர்த்து வைக்கட்டும். ‘நான் மறைந்திருக்கிறேன்’ என்பதும் ஒரு பதிவுதான். அதற்கு ஒரே ஒரு பிட் போதும்.

இதே மாற்றம் இன்னொரு பிழையையும் தீர்க்கும். கதவு திறந்து எதிரி உள்ளே வந்த பிறகு பின்னால் இழுக்கிறீர்கள். கதவு மூடிக்கொள்கிறது, ஆனால் எதிரி மட்டும் கதவுக்கு வெளியே போகத் தெரியாமல் வாசலில் அசையாமல் நிற்கிறான். அவன் பிறந்த ஃபிரேமுக்கு முந்தைய பதிவு அவனிடம் இல்லை, அதனால் கடைசியாகத் தெரிந்த இடத்தில் நிற்கிறான். பிறந்த ஃபிரேமையும் குறித்துவையுங்கள். அதற்கு முன்னால் போனால் அவனும் மறைய வேண்டும்.

மணல் தீரவே மாட்டேங்குது

இதைக் கண்டுபிடித்தது என் அக்கா மகள். விடுமுறைக்கு வந்தவளிடம் விளையாடக் கொடுத்துவிட்டு நான் சமையலறையில் இருந்தேன். அரை மணி கழித்து, “மாமா, இதுல மணல் தீரவே மாட்டேங்குது, நல்லாருக்கு” என்றாள். போய்ப் பார்த்தால் ஒரே பள்ளத்தில் விழுவதும் ஏறுவதுமாக, சிரித்துக்கொண்டே திரும்பத் திரும்ப அழுத்திக்கொண்டிருக்கிறாள். நான் மணல் அளவை உலகத்தின் பத்தியில் எழுதியிருந்தேன். ஒரு துளி மணல் செலவழித்துக் காலத்தைப் பின்னால் இழுத்தால், அந்தத் துளி செலவாகாத காலத்துக்கே போய்ச் சேர்கிறோம். மணலும் திரும்பி வந்துவிடுகிறது.

மணல் வாள் ஏந்தியவனின் பத்தியில் இருக்க வேண்டும். அவன் மனதில் உள்ள நினைவும் அங்கேதான். ஆனால் உயிர் அளவு உலகத்தின் பத்தி. பட்ட காயம் படாததாக வேண்டும், இல்லாவிட்டால் பின்னோட்டத்துக்கு என்ன பயன்? அதற்கு நடுவில் சிக்கலான ஒரு பொருள் உண்டு: எதிரியை வீழ்த்தி மணலை எடுத்த பிறகு அந்த வீழ்ச்சிக்கும் முன்னால் போனால் என்ன ஆகும்? எதிரி எழுந்துவிடுவான், அவனிடம் எடுத்த மணல் வாளில் இருக்கும், அவனை மறுபடி வீழ்த்தி மறுபடி எடுக்கலாம். நான் ஒவ்வொரு எதிரிக்கும் ‘மணல் தந்துவிட்டான்’ என்ற குறியை வைத்து, அந்தக் குறியை வாள் ஏந்தியவனின் பத்தியில் போட்டேன். எதிரி எழுகிறான், ஆனால் உள்ளே மணல் இல்லாமல் எழுகிறான். அவன் உடலின் மினுமினுப்பு அணைந்திருக்கும்படி வரைந்த பிறகு ஆட்டக்காரர்களுக்கு யாரும் விளக்க வேண்டியிருக்கவில்லை. காலத்துக்குக் கட்டுப்படாத பொருளைக் கண்ணில் படும்படி காட்டுவது முக்கியம். 2008-இல் வந்த ‘பிரெய்ட்’ கேமில் பின்னோட்டத்துக்கு அசையாத பொருள்கள் பச்சையாக ஒளிர்வதைப் பார்த்தவர்களுக்கு இது எவ்வளவு எளிய தீர்வு என்று தெரியும்.

இதன் அக்கா தங்கை ஒன்று: பின்னால் ஓடும்போதே காசு சேருகிறது, கதவு திறக்கிறது. பொருள்கள் பின்னோக்கி நகரும்போதும் டிரிகருக்குள் (ஏதாவது நுழைந்தால் ஒரு செயல்பாட்டை ஓட்டும் பகுதி) நுழைவதுதான், யூனிட்டிக்குத் திசை தெரியாது. டிரிகர் செயல்பாட்டின் முதல் வரியிலேயே ‘இப்போது பின்னோட்டமா?’ என்று மேலாளரிடம் கேட்டுவிட்டு வெளியேறிவிடுங்கள்.

எல்லாம் பின்னால் போகிறது, முள்பொறி மட்டும் தன் பாட்டுக்கு எழுகிறது

மூன்று விநாடிக்கு ஒரு முறை எழும் பொறி. ‘அடுத்த எழுச்சி டைம்.டைம் 45.0 ஆகும்போது’ என்று எழுதியிருப்பீர்கள். டைம்.டைம் யூனிட்டியின் சொந்தக் கடிகாரம், எப்போதும் முன்னேதான் போகும். எந்த வாளுக்கும் அது பணியாது. உங்களுக்கென்று ‘உலக நேரம்’ என்று ஒரு மாறியை வைத்துக்கொள்ளுங்கள். சாதாரணமாக ஓடும்போது அது கூடட்டும், பின்னோட்டத்தில் குறையட்டும். பொறி, கதவு, மீண்டும் பயன்படுத்தக் காத்திருக்கும் நேரம், நஞ்சு, எல்லாம் அந்த மாறியைப் பார்த்தே நடக்கட்டும்.

கோருட்டீனில் ‘வெயிட்ஃபார்செகண்ட்ஸ்’ போட்டு எதிரியின் தாக்குதலை எழுதியிருந்தால் அதைத் திருத்தவே முடியாது. பாதி ஓடிய கோருட்டீனைப் பின்னால் தள்ள வழியில்லை. ‘எந்த நிலையில் இருக்கிறான், அந்த நிலைக்கு வந்து எவ்வளவு நேரமாயிற்று’ என்ற இரண்டு மதிப்புகளாக மாற்றி எழுதுங்கள். அந்த இரண்டையும் பதிவில் சேர்த்துவிடலாம். எழுதியதைக் கலைத்து எழுத மனம் வராது, எனக்கும் வரவில்லை. ஆனால் இதைத் தள்ளிப்போடப் போட எதிரிகளின் எண்ணிக்கை கூடிக்கொண்டே போகும்.

மெதுவாக்கினால் படம் வெட்டி வெட்டி ஓடுகிறது

டைம்ஸ்கேலை 0.1 ஆக்கினால், கேமின் கணக்கில் விநாடிக்கு 50 முறை ஓடிய இயற்பியல் நம் கடிகாரத்தில் விநாடிக்கு 5 முறைதான் ஓடும். 60 ஹெர்ட்ஸ் திரையில் அம்பு 12 ஃபிரேம் அசையாமல் நின்று ஒரு தாவல் தாவும். இரண்டு மருந்து உண்டு. ரிஜிட்பாடியில் ‘இன்டர்போலேட்’ போடலாம், இரண்டு படிகளுக்கு நடுவே உள்ள இடங்களை அது நிரப்பிக் காட்டும். ஆனால் அது ஒரு படி பின்தங்கியே காட்டும். 0.02 விநாடி என்பது 0.1 வேகத்தில் நம் கண்ணுக்கு 0.2 விநாடி. வாளை வீசியபின் தாமதமாக அசைவது கையில் உறுத்தும். அரை வேகத்துக்கு இது போதும். அதற்கும் கீழே போனால் இரண்டாவது மருந்துதான்: ஃபிக்ஸ்ட் அப்டேட்டின் அந்த 0.02 விநாடி இடைவெளியை, அதாவது ஃபிக்ஸ்ட் டெல்டாடைமையும் டைம்ஸ்கேலால் பெருக்கிவிடுங்கள். 0.1-க்கு அது 0.002 ஆகும். முடிந்ததும் 0.02-க்குத் திருப்ப மறக்க வேண்டாம்.

முதல் தலைப்பில் சொன்ன பிழை இப்போதுதான் திரும்பி வரும். ஃபிக்ஸ்ட் அப்டேட் இப்போது கேமின் ஒரு விநாடிக்கு 500 முறை ஓடுகிறது. உங்கள் 500 இடமும் ஒரே விநாடியில் நிரம்பி, பழைய 9 விநாடியைத் துடைத்துவிடும். மெதுவாக்கத்துக்குப் பிறகு பின்னோட்டம் குறைவாகப் போகிறது என்று யாராவது சொன்னால் இதைத்தான் முதலில் பாருங்கள். ஃபிக்ஸ்ட் அப்டேட் ஓடும் ஒவ்வொரு முறையும் பதியாமல், உலக நேரம் 0.02 விநாடி கடந்திருந்தால் மட்டும் பதியுங்கள்.

மெதுவான வட்டத்துக்குள் நுழைந்த அம்பு வழி மாறி விழுகிறது

உலகம் முழுவதையும் மெதுவாக்காமல், வாளைத் தரையில் குத்தினால் சுற்றியுள்ள வட்டத்துக்குள் மட்டும் காலம் கால்பங்கு வேகத்தில் ஓட வேண்டும் என்று வைத்துக்கொள்வோம். இங்கே டைம்ஸ்கேல் உதவாது. ஒவ்வொரு பொருளுக்கும் நாமே கணக்குப் போட வேண்டும். அம்பின் வேகத்தை 0.25 ஆல் பெருக்குகிறீர்கள். அம்பு மெதுவாகிறது, ஆனால் இரண்டடி போவதற்குள் மூக்குக் குத்திக்கொண்டு விழத் தொடங்குகிறது.

எண்ணில் பார்த்தால் தெளிவாகத் தெரியும். 1.5 மீட்டர் உயரத்திலிருந்து கிடைமட்டமாக விநாடிக்கு 20 மீட்டர் வேகத்தில் போகும் அம்பு, 0.55 விநாடியில் தரையைத் தொடும். 11 மீட்டர் போயிருக்கும். வேகத்தை மட்டும் 5 மீட்டராகக் குறைத்தால் ஈர்ப்பு பழையபடியே 0.55 விநாடியில் இழுத்துவிடும்; அம்பு 2.8 மீட்டரில் விழும். சரி என்று ஈர்ப்பையும் 0.25 ஆல் பெருக்கினால் 5.5 மீட்டர்வரை போகும். இன்னும் பாதிதான். இந்த இடத்தில் பலர் ஏதேதோ எண்களைப் போட்டுப் போட்டுப் பார்த்து ஓய்ந்துபோகிறார்கள்.

வேகம் என்பது தூரத்தைக் காலத்தால் வகுப்பது. அதில் காலம் ஒரு முறை வருகிறது. ஈர்ப்பு முடுக்கத்தில் காலம் இரண்டு முறை வகுக்கிறது. அதனால் காலத்தைக் கால்பங்காக்கினால் வேகத்தை 4-இல் ஒரு பங்காகவும் ஈர்ப்பை 16-இல் ஒரு பங்காகவும் ஆக்க வேண்டும். அப்போது அம்பு 2.2 விநாடி எடுத்துக்கொண்டு, அதே வளைவில் அதே 11 மீட்டரில் விழும். ‘யூஸ் கிராவிட்டி’யை அணைத்துவிட்டு, ஃபிக்ஸ்ட் அப்டேட்டில் நீங்களே ஈர்ப்பை 0.25-இன் வர்க்கத்தால் பெருக்கி முடுக்கமாகக் கொடுங்கள். சுழல்வேகமும் காற்றுத் தடையும் வேகத்தைப் போலவே ஒரு முறை பெருக்கினால் போதும். வட்டத்தின் விளிம்பில் உள்ளே பாதி வெளியே பாதியாக ஓர் அம்பு ஒரே வளைவில் போவதை முதன்முதலில் பார்த்தபோது எனக்கு உடம்பு சிலிர்த்தது. காலம் மாறினாலும் பாதை மாறவில்லை என்பதைக் கண்ணால் பார்க்கிறோம்.

வட்டத்தைவிட்டு வெளியே வரும் அம்பு சிலசமயம் நாலு மடங்கு வேகத்தில் சீறிப்பாய்ந்தால், இரண்டு வட்டங்கள் ஒன்றின்மேல் ஒன்று விழுந்திருக்கும். ஒரு முறை பெருக்கியதை இரண்டு முறை வகுத்துவிட்டீர்கள். ஒவ்வொரு பொருளும் ‘என் இப்போதைய கால விகிதம்’ என்று ஓர் எண்ணை வைத்துக்கொள்ளட்டும். மாறும்போதெல்லாம் புதிய விகிதத்தைப் பழையதால் வகுத்து வருகிற எண்ணால் வேகத்தைப் பெருக்குங்கள். எத்தனை வட்டம் விழுந்தாலும் கணக்குத் தப்பாது.

மெனுவைத் திறந்து மூடினால் மெதுவாக்கம் போய்விடுகிறது

மெனு திறக்கும்போது டைம்ஸ்கேல் 0, மூடும்போது 1 என்று எழுதியிருப்பீர்கள். நடுவில் வாள் 0.3 கேட்டிருந்தது மெனுவுக்குத் தெரியாது. டைம்ஸ்கேலைத் தொடும் உரிமை மேலாளர் ஒருவருக்கு மட்டும் இருக்கட்டும். மெனுவும் வாளும் அடி விழும்போது வரும் அந்தச் சின்ன நிறுத்தமும் தங்கள் கோரிக்கையைக் கொடுக்கட்டும். இருப்பதில் குறைவான எண் வெல்லும். கோரிக்கையை விலக்கினால் அடுத்தது வரும். மெனுவின் அசைவுகளே நின்றுபோனால் அதன் அனிமேட்டரை ‘அன்ஸ்கேல்டு டைம்’முக்கு மாற்றுங்கள், காத்திருப்புகளை ‘வெயிட்ஃபார்செகண்ட்ஸ்ரியல்டைம்’ ஆக்குங்கள். இவை மூன்றாவது பத்தியின் ஆட்கள்.

அதே காரணத்தால், டைம்ஸ்கேல் 0-இல் இருக்கும்போது பின்னோட்டத்தைத் தொடங்க முயன்றால் எதுவும் அசையாது. அப்போது ஃபிக்ஸ்ட் அப்டேட் ஓடுவதே இல்லை.

படம் மெதுவாகிறது, ஒலி பழையபடியே ஓடுகிறது

டைம்ஸ்கேல் ஒலியைத் தொடுவதில்லை. ஆடியோ சோர்ஸின் ‘பிட்ச்’சை நீங்கள்தான் குறைக்க வேண்டும். 0.5 கொடுத்தால் ஒலி பாதி வேகத்தில், ஒரு ஸ்தாயி கீழே ஒலிக்கும். பின்னோட்டத்துக்கு எதிர்மறை எண் கொடுக்கலாம். ஆனால் ஒலிக்கோப்பு சுருக்கப்படாததாகவோ ஏற்றும்போதே விரிக்கப்பட்டதாகவோ இருக்க வேண்டும். தொடக்கத்தில் நிற்கும் ஒலியைப் பின்னால் ஓட்டச் சொன்னால் மௌனம்தான் வரும், முதலில் அதை இறுதிக்குக் கொண்டுபோய் வைக்க வேண்டும். என் வாளில் காலடி, வாள் மோதல், பானை உடைவு மட்டும் பின்னால் ஓடும். பின்னணி இசையைப் பின்னோக்கி ஓட்டிப் பார்த்தேன், பத்தாவது முறை கேட்கும்போது காது வலித்தது, எடுத்துவிட்டேன்.

உறையவைத்த எதிரியைத் தொட்டால் எனக்கு அடி விழுகிறது

ஓங்கிய வாளோடு உறைந்து நிற்கிறான். பக்கத்தில் நடந்து போனால் உயிர் குறைகிறது. அனிமேட்டரின் வேகத்தை 0 ஆக்கியிருக்கிறீர்கள், ஆனால் வெட்டும் நேரத்தில் விழித்த வாளின் கொலைடர் (மோதலை உணரும் பாகம்) விழித்தபடியே இருக்கிறது. உறைவு என்பது ஒரே சுவிட்ச் அல்ல: அனிமேட்டர், வழி தேடும் நேவ்மெஷ் ஏஜென்ட், ரிஜிட்பாடி, துகள்கள், தாக்கும் கொலைடர் ஐந்தையும் நிறுத்த வேண்டும், ஒவ்வொன்றும் நிற்கும் முன் இருந்த நிலையைக் குறித்துவைக்க வேண்டும். ஏஜென்ட்டை நிறுத்தாமல் விட்டால் அவன் சிலைபோல நின்றபடியே உங்களை நோக்கி வழுக்கி வருவான். பின்னோட்டத்திலும் ஏஜென்ட்டை அணைத்துவிட்டு, முடிந்ததும் ‘வார்ப்’ கொடுத்துப் புதிய இடத்தில் உட்காரவையுங்கள். இல்லாவிட்டால் பழைய இடத்துக்கே இழுத்துக்கொண்டு ஓடுவான்.

அடுத்த அறையில் பின்னோட்டினால் முந்தைய அறைச் சுவருக்குள் மாட்டிக்கொள்கிறேன்

சேமிப்பு இடத்தைத் தொடும்போதும், காட்சி மாறும்போதும், பதிவை முழுதாகக் காலி செய்யுங்கள். வாளின் ஒளிக்கீற்றுக்கு ‘டிரெயில் ரெண்டரர்’ போட்டிருந்தால் அதையும் துடைத்துவிடுங்கள், இல்லாவிட்டால் அறைக்கு அறை ஒரு நீண்ட கோடு இழுபடும்.

பின்னால் வந்து மறுபடி ஆடினால் எதிரி வேறு பக்கமிருந்து வெட்டுகிறான்

இது பிழையா இல்லையா என்பதை நீங்கள்தான் முடிவு செய்ய வேண்டும். எனக்கு இது பிழை. இடமிருந்து வெட்டு வரும் என்று கற்றுக்கொண்டுதான் ஆட்டக்காரர் மணலைச் செலவழித்துத் திரும்பி வருகிறார். இப்போது வலமிருந்து வந்தால் அவர் கற்றது வீண், மணலும் வீண்.

எதிரியின் முடிவுகள் ரேண்டம் எண்ணிலிருந்து வருகின்றன. யூனிட்டியின் பொதுவான ரேண்டம் ஒரே ஓடை. தூசி பறக்கும் ஸ்கிரிப்டும் அதிலிருந்தே அள்ளினால் ஓடை நகர்ந்துவிடும். அதன் நிலையைப் பதிந்தாலும், இரண்டாம் முறை ஆட்டக்காரர் ஒரு பானையைக் கூடுதலாக உடைத்தால் எல்லாம் மாறிவிடும். நான் ஒவ்வோர் எதிரிக்கும் யூனிட்டி மேதமேட்டிக்ஸ் தொகுப்பில் உள்ள ‘ரேண்டம்’ ஒன்றைத் தனியாகக் கொடுத்தேன். அதன் நிலை மொத்தமும் 4 பைட். எதிரியின் பதிவோடு சேர்த்து வைத்துவிடலாம். பின்னால் போகும்போது அவன் தன் அடுத்த முடிவையும் கூடவே எடுத்துக்கொண்டு போகிறான். திரும்பி வரும்போது அதே தோளை உயர்த்துகிறான், அதே காலை முன்னே வைக்கிறான், வெட்டு அதே இடப்பக்கத்திலிருந்து வருகிறது. ஆட்டக்காரரின் கேடயம் இந்த முறை அங்கே இருக்கிறது.